விழுந்து காட்டியவர்

வலித்தைலத்தின் நெடி மூக்கில் ஏறினால், சில்க்போர்க் என்ற டேனிஷ் ஊரில் நான் பராமரிக்கப் போன அந்த ஜப்பானியக் கிழவர் வந்து நிற்கிறார். மகளோடு இருக்க வந்தவர். ஜப்பானியக் குற்றப் படங்களில் ரவுடியாக நடித்து, நாற்பது வருடம் குண்டடிபட்டும் வெட்டுப்பட்டும் விழுந்தே முதுகைக் கெடுத்துக்கொண்டவர். குள்ளம், அகன்ற தோள். எங்கே நின்றாலும், விழ இடம் பார்ப்பதுபோல் காலால் தரையைத் தட்டிக்கொள்வார்.

"இண்டைக்கு ஆர் சுட்டது?" என்று தைலம் தேய்த்தபடி டேனிஷில் கேட்பேன்.

"பொலிஸ்தான். வேற ஆர்?"

அங்கே என் கடைசி நாளில், அவர் கட்டிலருகே நின்று வயிற்றைப் பிடித்தார், மெல்லச் சுழன்றார், மெத்தையில் சரிந்தார். ஒரு கை மட்டும் கொஞ்ச நேரம் எதையோ தேடியது. பிறகு அதுவும் ஓய்ந்தது.

கண்ணைத் திறந்து கேட்டார்: "நீங்கள் சண்டைக்குள்ள இருந்து வந்தனீங்கள். நேரில கண்டனீங்கள். நான் செத்தது சரியோ?"

நான் எதைக் கண்டேன்? சண்டை எங்கள் தெருவுக்கு வருமுன்னே, எட்டு வயதில் விமானம் ஏறியவன். மற்றவர்கள் கண்ட சாவுகளை நான் கண்டதாகச் சொல்லிச் சொல்லி, டேனிஷ்காரரின் இரக்கத்தில் குளிர்காய்ந்தவன். அவருக்கும் அப்படித்தான் சொல்லியிருந்தேன். அப்போதாவது உண்மையைச் சொல்லியிருக்கலாம். நாக்கு பழகிய பக்கமே போனது.

"ஓம், அப்படித்தான் விழுவினம்" என்றேன்.

அவர் சிரமப்பட்டு எழுந்து நின்று, எனக்குத் தலை தாழ்த்தினார்.

"டைரக்டர்மார் எல்லாரும் நல்லாயிருக்கு எண்டு சொன்னவை. அவையில ஒருத்தரும் நேரில கண்டதில்லை. கண்ட நீங்கள் சொல்லிப்போட்டீங்கள். எனக்கு அது போதும்."