மூன்றாவது தோள்

நம்பினால் நம்புங்கள், இல்லையென்றால் விடுங்கள். வாதாட எனக்குத் தெம்பில்லை. என் தோளில் பட்டதைத்தான் சொல்கிறேன்.

1954 ஜனவரி, இங்கிலாந்தின் ஓல்ட்ஹாம். நாங்கள் மூன்று சகோதரிகள். மூத்தவள் ஈனிட், நடுவில் நான் ஹில்டா, கடைசி மேவிஸ். ஒரே மைக்கைச் சுற்றி நின்று, மூன்று குரலையும் ஒன்றாகக் குழைத்துப் பாடும் பிழைப்பு. பதினாறு வருடம். ஞாயிறு என்றால் ரயில். திங்கள் என்றால் வேறு ஊர், வேறு தியேட்டர், அதே ஈரப் படுக்கை. சிரித்துச் சிரித்தே தாடை நொந்துபோனது.

அன்று லண்டன் ஏஜென்ட் வருவதாக இருந்தது. அவருக்குப் பிடித்துவிட்டால் கோடை முழுக்க பிளாக்பூலில், ஒரே ஊரில் வேலை. மேவிஸோ காய்ச்சலில் சுருண்டு கிடந்தாள்.

"முடியலக்கா. இன்னைக்கு என்னை விட்டுடு."

"ரெண்டு பேரா நின்னா எவன்டி கேப்பான்? தலையே போனாலும் ஆறு மணிக்கு வந்து நிக்கற," என்றாள் ஈனிட்.

அவளை விடுதியில் தூங்கவிட்டு நாங்கள் முன்னால் கிளம்பினோம்.

மணி 6.10. டக்… டக்… ஒப்பனை அறைக் கதவு. மேவிஸ்!

வெளியே பனிமழை கொட்டிக்கொண்டிருந்தது. அவள் செருப்பில் ஈரமே இல்லை. கேட்க நேரமில்லை, மேடைக்கு ஓடினோம்.

எங்கள் தொழிலில் மூச்சுதான் எல்லாம். தோளோடு தோள் ஒட்டி நிற்போம். பக்கத்துத் தோள் ஏறினால் நாமும் மூச்சிழுப்போம்.

இடப்பக்கம் ஈனிட்டின் தோள் ஏறியது.

வலப்பக்கம்… ஏறவில்லை.

பாட்டு முழுவதும்…

ஒரு தடவைகூட.

குரல் மட்டும் கண்ணாடிபோல் வந்தது. அவள் அப்படிப் பாடி நான் கேட்டதே இல்லை.

அன்றிரவின் இரண்டு ஆட்டங்களுக்கும் நடுவே, ஒப்பனை அறையில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள். தேநீர் ஆறிப்போனது.

"நான் போறேனேக்கா…"

"இன்னும் ஒரே ஒரு ஆட்டம்டி. அப்புறம் எங்க வேணா போ," என்றாள் ஈனிட்.

மணி 8.40. இரண்டாவது ஆட்டம். என் வலது கை மரத்துப்போனது. திரும்பிப் பார்க்கப் பயம்.

பார்க்கவில்லை.

பாடினேன்.

கைதட்டல் அடங்கியதும் ஏஜென்ட் ஓடி வந்தார். "கடைசிப் பொண்ணு பின்னிட்டாம்மா! எங்க அவ?"

திரும்பினோம். ஆள் இல்லை.

விடுதி வாசலில் வீட்டுக்காரி திருமதி கிரிம்ஷா அழுதுகொண்டு நின்றாள்.

"எங்கம்மா போனீங்க? மேவிஸ் போயிட்டாம்மா… சாயங்காலம் அஞ்சு மணிக்கே உயிர் போயிருக்கும்னு டாக்டர் சொல்றாரு. தியேட்டருக்கு ரெண்டு தடவை ஆள் அனுப்பினேன். மூணு பேரும் மேடையில பாடிக்கிட்டிருக்காங்க, உளறாதன்னு துரத்திட்டாங்க!"

ஈனிட் படிக்கட்டில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். பிறகு என் கையைப் பிடித்தாள்.

"முதல் ஆட்டத்துக்கு அவளா வந்தா, ஹில்டா. ரெண்டாவதுக்கு… நான்ல போக விடல."