பாதிப் படத்தில் போன மீசை

என் தங்கைக்கு வீட்டில் 'ஒத்தையாள் கம்பெனி' என்று பெயர். வைத்தவள் நான்தான். பொறாமையில் வைத்தேன் என்று நினைத்தால் நினைத்துக்கொள்ளுங்கள். பதினான்கு வருடத்தில் அவள் செய்யாத வேலை கிடையாது. கல்யாண வீடியோ எடுத்தாள். மருத்துவ மாணவர்களுக்காகக் கண் ஆபரேஷனைப் படம் பிடித்தாள். அன்று வீட்டுக்கு வந்து சாப்பாட்டைத் தொடவில்லை. தண்ணீர் மோட்டார் விளம்பரம் ஒன்றை எழுதி, எடுத்து, எடிட் செய்து, கடைசியில் அந்த மோட்டாருக்கே தன் வாயால் சத்தம் கொடுத்தாள். கதைப்படம் மட்டும் எவனும் அவளை நம்பிக் கொடுக்கவில்லை.

அப்பா ஓய்வுபெற்ற பஸ் டிரைவர். அவள் எடுத்ததில் ஒன்றைக்கூடப் பார்த்ததில்லை. "கேமராவைத் தூக்கிட்டு சுத்துறதெல்லாம் ஒரு வேலையா?" என்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவள் சிரித்துவிட்டுப் போய்விடுவாள்.

போன வருடம் ஒரு தயாரிப்பாளர், "இருபது நிமிஷத்துல ஒரு குறும்படம் எடுத்துட்டு வாங்கம்மா. பிடிச்சிருந்தா பெரிய படம் உங்களுக்குத்தான்" என்றார். மகளோடு பேச்சை முறித்துக்கொண்ட பெரியவர் ஒருவர், பல வருடம் கழித்து அவளைப் பார்க்கப் பஸ் ஏறுவதுதான் கதை. வேலை பார்க்கும் ஸ்டுடியோவில் நான்கு நாளுக்குக் கேமரா இரவல் வாங்கினாள். பெரியவராக நடிக்க வேண்டியவர் முதல் நாளே முதுகுவலி என்று படுத்துவிட்டார். வேறு வழியில்லாமல் அப்பாவிடம் கெஞ்சினாள். அவரும் முனகிக்கொண்டே வந்தார். நான் தையல்காரி, அதனால் உடை என் பொறுப்பு.

மூன்று நாளில் எல்லாம் எடுத்தாயிற்று, மகள் கதவைத் திறக்கும் கடைசிக் காட்சியைத் தவிர. அன்று சாயங்காலம், எடுத்ததைக் காட்டச் சொல்லி அப்பாவே கேட்டார். பார்த்துவிட்டு எழுந்து போனார்.

மறுநாள் காலை வந்து நின்றவர் முகத்தில் மீசை இல்லை. நாற்பது வருட மீசை! எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. மீசையோடு பஸ் ஏறியவர் மீசையில்லாமல் மகள் வாசலில் போய் நின்றால் பார்க்கிறவன் சிரிக்கமாட்டானா? முதலிலிருந்து எடுக்கவும் முடியாது. கேமரா ஐந்து மணிக்குத் திரும்பிப் போக வேண்டும்.

"என்ன காரியம் பண்ணியிருக்கீங்கப்பா! அவ மேல உங்களுக்கு அப்படி என்ன கோபம்?" என்று கத்திவிட்டேன்.

அப்பா மேலுதட்டைத் தடவிக்கொண்டார். "நேத்து பாத்தேன். நரைச்ச மீசையோட ரொம்பக் கிழவனா இருந்தேன். அவ இவ்வளவு பாடுபடுறா. என்னால அவளுக்குக் கெட்ட பேர் வந்துடக் கூடாதேன்னுதான்..."

ஒட்டுமீசை செய்யலாமென்று நூற்பெட்டியைத் திறந்தேன். தங்கை கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

"மூடு அக்கா, அது வேணாம். அப்பா, இப்ப சொன்னதை அப்படியே கேமரா முன்னாடி சொல்லுவீங்களா?"

தெருக்கோடி சலூனுக்கு ஓடினோம். சலூன்காரர் அப்பாவின் மூக்குக்குக் கீழே நுரையை அள்ளிப் பூசினார். நுரைக்குள் மீசை இருக்கிறதா இல்லையா என்று எந்தக் கேமராவுக்குத் தெரியும்? கத்தி போனது, நுரை போனது, பளிச்சென்று உதடு. கண்ணாடியைப் பார்த்து அப்பா சொன்னார்: "பொண்ணைப் பாக்கப் போறேன். என்னால அவளுக்குக் கெட்ட பேர் வந்துடக் கூடாது." ஒரே டேக். கதவுக் காட்சியையும் முடித்தபோது மணி நாலரை.

தயாரிப்பாளர் படம் பார்த்தபோது நாங்கள் பின்வரிசையில் இருந்தோம். முடிந்ததும் அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அந்த சலூன் சீன் யாரோட ஐடியா?"

"அப்பாவோடது" என்றாள் தங்கை.

அப்பா எழுந்துவிட்டார். "இல்லீங்க. தப்பு மட்டுந்தான் என்னுது. அதைப் படமாக்குனது என் பொண்ணு."

அடுத்த மாதம் பெரிய படத்தின் ஷூட்டிங். அதில் அப்பாவுக்கு இரண்டே காட்சிதான். மீசை மறுபடி வளர்ந்துவிட்டது. இப்போதெல்லாம் தினமும் காலையில் ரேசரைத் தொடுவதற்கு முன், படத்துக்கு இடம் தேடி வெளியூரில் அலையும் அவளுக்கு ஒரு போன் போட்டுவிடுகிறார்.

"டைரக்டரம்மா, தாடியை மட்டும் எடுத்துக்கட்டுமா?"