பாட்டு ஏற்றாத பதினெட்டு நிமிடம்

பெருங்களத்தூர் வீடியோக்காரர் ஜெயசீலன் போன செவ்வாய்க்கிழமை காலை மாரடைப்பில் இறந்துவிட்டார். தாம்பரத்தில் என் கடைக்கு மார்பிள் இறங்கிக்கொண்டிருந்தபோது போன் வந்தது. லாரியைப் பாதியில் நிறுத்திவிட்டுப் போனேன்.

உங்களில் பலர் வீட்டுக் கல்யாணத்தை எடுத்தவர் அவர். நான் அவரை கிரீஸுக்கு அழைத்துப் போனவன். கல் வாங்கப் போகும் இடத்தில் கடைக்கு ஒரு விளம்பரப் படமும் எடுத்துவிடலாம் என்று நினைத்தேன். அவரோ இடிந்த கோயில் தூண் ஒன்றின் முன் ஒரு மணி நேரம் நின்றார். விழுந்து கிடந்த இன்னொரு தூணில் ஆடு மேய்ப்பவர் உட்கார்ந்து ரொட்டியைப் பிரித்தார், அதையும் எடுத்தார்.

“இன்னா சீலா, தூணையா விக்கப் போறேன்?”

“நிழல் நகருது சார். கொஞ்சம் இருங்க.”

ஊர் திரும்பியதும் பதினெட்டு நிமிடப் படமாகக் கொடுத்தார். பேச்சு இல்லை, பாட்டு இல்லை. ஒலிவ மரத்துக் காற்று, ஆட்டு மணி, சர்ச் வாசலைப் பெருக்கும் சத்தம். இரண்டு நிமிடம்கூட நான் உட்காரவில்லை. வேறு ஆளை வைத்து ஒரு நிமிடமாக வெட்டி, துள்ளல் பாட்டு ஒன்றை ஏற்றி, கடை டிவியில் ஓடவிட்டேன்.

அவர் சண்டை போடவில்லை. “கல்யாண வீடியோல எல்லாச் சத்தத்தையும் பாட்டைப் போட்டு மூடிடறோம் சார். இதையாச்சும் விட்டிருக்கலாம். ஒரு தடவ முழுசா பாருங்க” என்றார். அப்புறம் பார்த்த இடத்திலெல்லாம் கேட்டார். “சரக்கு வந்திருக்கு சீலா, அப்புறம்” என்று இரண்டு வருடம் ஓட்டினேன்.

அடக்கம் முடிந்த மறுநாள்தான் பார்த்தேன். பதினான்காவது நிமிடத்தில், படிப்படியாக வெட்டிய வெள்ளை மலை. அடியில் ஒருவர் உளியைத் தட்டுகிறார். படத்திலேயே ஒரே ஒரு வரி எழுத்து அங்கேதான் வருகிறது: ‘திரிசூலத்தில் என் அப்பா உடைத்த மலையும் இப்படித்தான் ஒலித்தது.’

நானும் அந்த மலையடியில் ஜல்லி சுமந்து மேலே வந்தவன். அது ஜெயசீலனுக்குத் தெரியும். எதைக் கேட்கச் சொன்னார் என்பது எனக்குத்தான் தெரியாமல் போயிற்று. சரியாக அந்த உளிச் சத்தத்தின் மேல்தான் துள்ளல் பாட்டை ஏற்ற வைத்திருந்தேன். அவர் எனக்கு விட்டுப் போனது அந்தச் சத்தம்தான்.

அவர் மனைவி ஸ்டெல்லாவிடம் பேசி முடித்திருக்கிறேன். ஞாயிறு மாலை ஐந்து மணி, கடை மாடி. எல்லோரும் வர வேண்டும். படம் முழுதாக ஓடும். பாட்டு கிடையாது, கடைப் பெயர் கிடையாது, அவர் பெயர் மட்டும். டிவியில் ஓடும் அந்த ஒரு நிமிடத்தை எடுத்துவிட வேண்டும். எல்லாவற்றுக்கும் நான் தலையாட்டிய பிறகு ஸ்டெல்லா இன்னொன்று சேர்த்தார்.

“நடுவுல போன் வந்தா எழுந்து போகக் கூடாதுண்ணா.”

ஒப்புக்கொண்டேன்.