புக்கிட் ரம்பாயில் கொண்டலிச் சட்டை கேட்கப் போன கதை

என் தங்கை செல்லத்துக்குக் குளிர்காய்ச்சல் வந்து இருபத்து மூன்றாம் நாள் நான் புக்கிட் ரம்பாய்க்குப் புறப்பட்டேன். ஜப்பான்காரன் வந்த பிறகு கொய்னா மாத்திரை ஊரில் எங்கும் இல்லை. புயலுக்குள் வாழும் கொண்டலிகள் உரித்துப் போடும் சட்டையை வேகவைத்து, அந்தத் தண்ணீரைக் கொடுத்தால் நடுக்கம் நிற்கும் என்பது எங்கள் ஊர் காஜா பேராங்கில் எல்லாருக்கும் தெரியும். அதை எப்படிப் போய் வாங்குவது என்பதுதான் தெரியாது. நான் திரும்பி வந்ததிலிருந்து வாசலில் ஆட்கள் வந்து கேட்கிறார்கள். நாலு பேர் முன்னால் எனக்குப் பேச்சு வராது. அதனால், ஐந்தாம் வகுப்போடு நின்றுபோன என் பள்ளி நோட்டில் மிச்சமிருந்த தாள்களில் எழுதித் தருகிறேன். படித்துவிட்டு அடுத்த வீட்டுக்குக் கொடுங்கள்.

முதலில் நேரம். அடுத்த வீட்டுச் செட்டி அக்கா, வெள்ளைத் துணியோடு போ, கொண்டலி வருவது "புக்குல் அம்பாட்" என்று மலாய் மொழியில் சொல்லியிருந்தார். நாலு மணி. நானும் நாலு மணிக்கென்று கணக்குப் போட்டு, மதியம் ஒன்றுக்கே கிளம்பினேன். அது ஜப்பான்காரன் ஒன்றரை மணி முன்னால் தள்ளிவைத்த தோக்கியோ நேரமா பழைய நேரமா என்று நான் கேட்கவில்லை. நீங்கள் கேளுங்கள்.

சாமிக்கண்ணு அண்ணனின் மாட்டுவண்டி மரவள்ளி ஏற்றுவதற்காகத் தினமும் காலியாகப் போகிறது. ஐந்தரை மைல். வாழைமரம் போட்ட ஜப்பான் நோட்டு என்றால் எட்டு வெள்ளி, கோழிமுட்டை என்றால் ஒன்று. நான் முட்டை கொடுத்தேன்.

"என்ன புள்ள, வேட்டிய மடியில வச்சிருக்க? மாப்பிள பாக்கவா போற?" என்றார்.

"கொண்டலிக்கு" என்றேன்.

"அங்க கத்தணுமே லா. ஒனக்கு வாயே கெடையாதே. என் மாட்ட வேணா கூட்டிட்டுப் போ. நல்லாக் கத்தும்."

அவர்தான் முறையைச் சொன்னார். வெள்ளைத் துணியை விரித்துப் பிடித்துக்கொண்டு, யார் வீட்டு ஆள், யாருக்கு வேண்டும், என்ன வேண்டும் என்று மூன்றையும் மேலே பார்த்து உரக்கச் சொல்ல வேண்டும். ஒரு மழைக்கு ஒருவருக்கு ஒரு தடவைதான். வாய் திறக்காதவருக்கு எதுவும் விழாது. வழி முழுவதும் மனதுக்குள் சொல்லிப் பார்த்தேன்: தையல்காரர் வீட்டு மூத்த மகள், தங்கச்சி செல்லத்துக்குக் காய்ச்சல், சட்டை வேண்டும்.

செங் பக்கம் பிரியும் சாலையில் ஒரு ஜப்பான் காவல். வண்டியை விட்டு இறங்கி, இடுப்பு வரை குனிய வேண்டும். சிப்பாய் என் வேட்டியைப் பார்த்தான், வானத்தைப் பார்த்தான், கூடையைச் சோதிக்காமலே போகச் சொன்னான். அவனுக்கும் தெரியுமா, சும்மா விட்டானா, எனக்குப் புரியவில்லை.

வண்டி நின்ற இடத்திலிருந்து ரப்பர் மரங்களுக்கு நடுவே அரை மைல் நடை. ஓடைக்கு அப்பால் ஒரு வெட்டவெளி. மூன்று இருபதுக்குப் போய்ச் சேர்ந்தேன். அங்கே தோட்டத்துப் பெண்கள் பத்துப் பன்னிரண்டு பேர் மடித்த துணிகளோடு உட்கார்ந்திருந்தார்கள். பால்வெட்டும் மாரியாயி அக்கா என்னைப் பார்த்ததும், "பசியாறினியா?" என்று கேட்டு அவித்த மரவள்ளி ஒரு துண்டு கொடுத்தார்.

"நாலு மணிக்குத்தானே?" என்றேன்.

"பழைய நாலு. மேகத்துக்குப் போயி யாரு தோக்கியோ நேரம் சொன்னது? இப்ப ரெண்டுகூட ஆவல. ஒக்காரு."

இரண்டு மணி நேரத்துக்கு மேல் உட்கார்ந்திருந்தேன். பிறகு கடல் பக்கமிருந்து வானம் கறுத்துக்கொண்டே வந்தது. காற்றில் காய்ந்த இரும்பின் வாசனை. மேகத்தின் அடிவயிறு அசைவதாக முதலில் நினைத்தேன். அவைதான் கொண்டலிகள். இருபது இருக்கலாம். ஒவ்வொன்றும் ஒரு மாட்டுவண்டி நீளம். உடம்பு வேகவைத்த ஜவ்வரிசி போல, உள்ளே பார்க்கலாம் போல இருந்தது. கண் எது, வாய் எது என்று இப்போது கேட்டாலும் சொல்லத் தெரியாது. மின்னல் ஒன்று ஓடும்போது பக்கத்தில் இருப்பது அதை உறிஞ்சிக்கொள்ளும். இடிச் சத்தமே வராது. தின்று முடித்ததும் உடம்பைச் சிலிர்க்கும். அப்போதுதான் சட்டை கழன்று இறங்கும்.

பெண்கள் ஒவ்வொருவராக எழுந்து கத்தினார்கள். "மூணாம் லயத்துப் பெருமாள் பொண்டாட்டி! கைப்புள்ளைக்குப் பால் இல்ல, எனக்குச் சட்டை!" அடுத்தவர் தன் புண்ணைப் பற்றிச் சொன்னார். வீட்டுக்குள் வைத்துப் பேசுவதையெல்லாம் எல்லார் காதிலும் விழும்படி சொன்னார்கள். யாரும் சிரிக்கவில்லை. மாரியாயி அக்காவின் துணியிலும் ஒன்று வந்து விழுந்தது.

என் முறை வந்தது. துணியை விரித்தேன். வாயைத் திறந்தேன். "அப்பா எங்க?" என்று கத்திவிட்டேன்.

அப்பாவைப் பற்றி இதுவரை நான் எழுதவில்லை. இது சட்டை வாங்கும் வழியைச் சொல்லும் எழுத்து. சயாமில் ரயில் பாதை போட ஜப்பான்காரர்கள் அவரைக் கொண்டுபோய் ஒன்பது மாதம் ஆகிறது. அதைக் கேட்க நான் அங்கே போகவில்லை. எப்படி அந்த வார்த்தை வந்தது என்று எனக்கே தெரியவில்லை.

மேலே எல்லாமே தின்பதை நிறுத்தின. பிறகு மெதுவாக, எல்லாம் ஒரே பக்கம் திரும்பின. என் துணியில் மழை மட்டும் நிறைந்தது. என் பின்னால் இன்னும் இரண்டு பேர் கேட்க வேண்டியிருந்தது. அதில் ஒருவர் இடுப்பில் குழந்தையோடு எழுந்து, "எம் புருசன் எங்க?" என்றார். மற்றவரும் அதையே கேட்டார். அவர்களுக்கும் சட்டை விழவில்லை.

மழை விட்டதும் பேச்சு தொடங்கியது.

"வடக்கப் பாத்துச்சுல்ல? சயாம் அங்கதானே. ஆளு இருக்காங்கன்னு சொல்லுது."

"மாடு வாசலப் பாத்தா, அது பதிலா?"

"மழை கெழக்க போச்சு. இதுங்க மட்டும் எதுக்கு வடக்க திரும்புது?"

யாருக்கும் தெரியவில்லை. நான் அந்த இரண்டு பேரையும் நிமிர்ந்து பார்க்காமல் நின்றேன். மாரியாயி அக்கா தன் சட்டையை நாலாகக் கிழித்து, எங்கள் மூன்று பேருக்கும் ஆளுக்கு ஒரு துண்டு கொடுத்தார்.

"முழுசாப் போட்டாத்தான் கேக்கும்பாங்க. கால்வாசி போட்டா, கால்வாசியாவது கேக்காதா?"

திரும்பும் வண்டியில் மரவள்ளி மூட்டை மேல் உட்கார இடம் கிடைக்கும். காசு கேட்பதில்லை. எட்டு மணிக்குள் வீடு சேரலாம். சட்டையை மண்சட்டியில் போட்டு, இரண்டு குவளை தண்ணீர் அரைக் குவளையாக வற்றும்வரை கொதிக்க விடுங்கள். செல்லத்துக்குத் தினமும் வந்த நடுக்கம் இப்போது ஒருநாள் விட்டு ஒருநாள் வருகிறது. இன்னும் முக்கால் சட்டை வேண்டும்.

போகிறவர்கள் மாற்றுத்துணி, கூடுதலாக ஒரு முட்டை, வெள்ளை வேட்டி எடுத்துக்கொள்ளுங்கள். என்ன கேட்கப் போகிறீர்கள் என்பதை முடிவு செய்துவிட்டுப் போங்கள் என்று எழுத நினைத்தேன். நான் முடிவு செய்துவிட்டுத்தான் போனேன்.

வானம் கறுக்கும் அடுத்த நாள் மறுபடியும் போகிறேன். காஜா பேராங்கிலிருந்து யாராவது ஒருவர் என்னோடு வர வேண்டும். யாருக்கு வேண்டும் என்று சொல்வதால், அடுத்த வீட்டுக்காகவும் கேட்கலாம் என்று மாரியாயி அக்கா சொன்னார். என் வாயில் மறுபடியும் அப்பாவே வந்துவிட்டால், பக்கத்தில் நின்று செல்லத்துக்காக நீங்கள் கேளுங்கள்.