பெண்களின் நீச்சல் மணித்தியாலத்தைக் கேட்டு நகரமண்டபத்துக்குப் போனோம்

இந்த வலைப்பூவில் நயாகரா, ஒட்டாவா, ஆயிரம் தீவுகள் என்றெல்லாம் எழுதியிருக்கிறேன். இந்த முறை போன இடம் வீட்டிலிருந்து ஏறத்தாழ இருபது கிலோமீற்றர்தான். இருபத்திரண்டு வருடமாக ரொறன்ரோவில் இருந்தும் அதற்குள் நான் கால் வைத்ததில்லை. ஊரிலிருந்து வந்த உறவினர்களை வாசலில் நிறுத்திப் படம் எடுத்ததோடு சரி. கடந்த நவம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை, நல்ல கோபத்தோடு, நகரமண்டபத்துக்குள் போனேன்.

காரணத்தைச் சொல்கிறேன். டோர்செட் பார்க்கில் எங்கள் அடுக்குமாடிக்கு அருகே நகரசபையின் உள்ளரங்க நீச்சல்குளம் ஒன்று இருக்கிறது. ஞாயிறு மாலைகளில் ஒரு மணித்தியாலம் பெண்களுக்கு மட்டும். கண்ணாடிச் சுவருக்குத் திரை போட்டுவிடுவார்கள். உயிர்காப்பாளர்களாக நிற்பவர்களும் பெண்கள்தான். இலங்கையின் கிழக்கில் காத்தான்குடி என்ற முஸ்லிம் ஊரில், கடலுக்குப் பக்கத்தில் பிறந்தவள் நான். முழங்காலுக்கு மேல் கடலுக்குள் இறங்கியதே இல்லை. நாற்பத்திமூன்று வயதில் அந்தக் குளத்தில்தான் நீந்தப் பழகினேன். என்னோடு பழகியவர் தவம் அக்கா. அவர் எங்கள் ஊருக்கு அடுத்த தமிழ் ஊரான ஆரையம்பதியைச் சேர்ந்தவர். ஊரில் எங்கள் இருவரின் வீட்டுக்கும் இடையே நடந்து போகும் தூரம்தான். ஆனால் யுத்தமும் தமிழர், முஸ்லிம் என்ற பகையும் இருந்த அந்தக் காலத்தில் அங்கே யாரும் அப்படி நடந்து போய் வரவில்லை. நாங்கள் சந்தித்ததும் சிநேகிதமானதும் இங்கே, குளத்தின் ஆழமில்லாத பக்கத்தில்.

அக்கா வெதுப்பகத் தொழிற்சாலையில் பதினெட்டு வருடம் நின்றபடி வேலை செய்தவர். முழங்கால் இரண்டும் போய்விட்டன. நடப்பதைவிட நீந்துவது நல்லது என்று டொக்டர் சொன்னார். ஆண்களுக்கு முன்னால் நீச்சலுடையோடு இறங்க அக்காவால் முடியாது. என்னாலும் முடியாது. மார்பில் அறுவைச் சிகிச்சை செய்த ஒரு ஜமெய்க்கா பெண்ணும் எங்களோடு வருவார். தழும்பைப் பார்க்கிற கண்களுக்கு முன்னால் இறங்க அவருக்கும் மனமில்லை. அந்த மணித்தியாலம் எங்கள் எல்லோருக்குமானது.

செப்டெம்பரில் புதிய அட்டவணை வந்தது. அந்த மணித்தியாலத்தைக் காணவில்லை. அந்த இடத்தில் ‘அனைவருக்கும் நீச்சல்’ என்று இருந்தது.

முதலில் குளத்தின் மேற்பார்வையாளரிடம் போனோம். நல்ல மனிதர். அட்டவணையைத் தான் போடுவதில்லை, மேலே கேட்க வேண்டும் என்றார். பிறகு எங்கள் கவுன்சிலரின் அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தேன். வாக்குக் கேட்டு வீடு வீடாக வருகிறவர்தானே, ஒரு வார்த்தை சொன்னால் நடக்கும் என்று நினைத்தேன். அவருடைய உதவியாளர் சொன்னது எனக்குப் புதிது: கவுன்சிலர் ஊழியர்களுக்கு உத்தரவிட முடியாது.

இந்தப் பயணத்தை நீங்களும் போக நினைத்தால் இதை முதலில் விளங்கிக்கொள்ளுங்கள். எனக்கு விளங்க இரண்டு கிழமை பிடித்தது. வட அமெரிக்காவில் பல ஊர்களில் மக்கள் தெரிவு செய்யும் சபை கொள்கையையும் வரவுசெலவையும் தீர்மானிக்கும். தீர்மானித்ததை நடத்த ஒரு மேலாளரைச் சம்பளத்துக்கு அமர்த்தும். குளம் திறப்பவர், குப்பை அள்ளுபவர், பொறியியலாளர் எல்லோரும் அவருக்குக் கீழே. ரொறன்ரோ முழுக்க அப்படி அல்ல. சில வருடங்களாக இங்கே மேயருக்குத் தனி அதிகாரங்கள் அதிகம். ஆனாலும் நகர மேலாளர் ஒருவர் இருக்கிறார், அவருக்குக் கீழே பிரிவுத் தலைவர்கள் இருக்கிறார்கள், சபைக்கும் ஊழியர்களுக்கும் நடுவிலுள்ள கோடும் இருக்கிறது. ஒரு கவுன்சிலர் தனியாளாகக் குளத்துக்குப் போய் ‘திரையைப் போடு’ என்று சொல்ல முடியாது. சபையாகக் கூடி வாக்களித்தால்தான் அது உத்தரவு.

இதைச் சொன்னதும் தவம் அக்கா கேட்டார். “அப்ப நாம வோட்டுப் போட்ட ஆளுக்கு வாய் மட்டுந்தானா கா?”

“வாயும் ஒரு கையும், அக்கா. வாக்கெடுப்பில தூக்குறதுக்கு.”

“அப்ப அந்தக் கையத் தூக்க வைப்பம்.”

கவுன்சிலர் தன்னால் முடிந்ததைச் செய்தார். பொழுதுபோக்கு விடயங்களைப் பார்க்கும் குழுவுக்கு அவர் ஒரு கடிதம் எழுத, எங்கள் மணித்தியாலம் நிகழ்ச்சிநிரலில் ஏறியது. சபையின் முழுக் கூட்டத்தைப் பொதுமக்கள் பார்க்கலாம், அங்கே பேச முடியாது. பேசுவதானால் குழுவில்தான் பேச வேண்டும். கூட்டத்துக்கு முதல் நாளே குழுவின் செயலாளருக்கு மின்னஞ்சல் அனுப்பி இரண்டு பெயரையும் பதிந்தேன். அக்காவின் பேச்சை நான் மொழிபெயர்க்கலாமா என்று கேட்டேன். சரி என்று பதில் வந்தது.

“உங்களுக்குத்தான் இங்கிலீஷ் கொஞ்சம் வருமே அக்கா?” என்றேன்.

“வரும். ஆனா கோவம் தமிழிலதான் வரும்.”

காலை 7.50க்கு கெனடி வீதியில் 43ஆம் இலக்க பஸ் ஏறினோம். பிரெஸ்டோ அட்டையில் ஒருவருக்கு 3 டொலர் 30 சதம். அட்டையைத் தட்டி இரண்டு மணித்தியாலத்துக்குள் எத்தனை தடவையும் மாறி ஏறலாம் என்பதால் நகரமண்டபம் வரை அந்தக் காசே போதும். கெனடி நிலையத்திலிருந்து சுரங்கரயில். தொடக்க நிலையம் என்பதால் இருக்கை கிடைக்கும். முழங்கால் வலிக்காரர்கள் கவனிக்க. புளூர்-யங்கில் மாறும் இடத்தில் காலைக் கூட்டம் பொல்லாதது. அக்கா என் ஜாக்கெட்டின் பின்பக்கத்தைப் பிடித்துக்கொண்டே வந்தார். குயீன் நிலையத்தில் இறங்கி மேற்கே ஐந்து நிமிட நடை. புதிய ரயில் பாதைக்காக வீதியைத் தோண்டிப்போட்டிருந்ததால் எங்களுக்குப் பன்னிரண்டு நிமிடம் எடுத்தது.

வளைந்த இரண்டு கோபுரங்களையும் நடுவில் தட்டுப்போல இருக்கும் சபை மண்டபத்தையும் படங்களில் பார்த்திருப்பீர்கள். குழு அறைகள் இரண்டாம் மாடியில். உள்ளே போக ஒரு சதமும் கட்டத் தேவையில்லை. யார் நீ, ஏன் வந்தாய் என்று யாரும் கேட்கவில்லை. அதுவே எனக்கு ஆச்சரியமாக இருந்தது. எந்த அரச அலுவலகத்துக்குள் போனாலும் கையில் அடையாள அட்டையைத் தயாராக வைத்திருக்கும் பழக்கம் எங்களுக்கு. அன்றும் வைத்திருந்தேன். திரும்பப் பைக்குள் போட்டேன்.

கூட்டம் 9.30க்குத் தொடங்கியது. ஆறு கவுன்சிலர்கள் அரைவட்டமாக. ஒரு பக்கத்தில் அதிகாரிகள். எங்கள் விடயம் பதினோராவது. பக்கத்துக் கதிரையில் ரெக்ஸ்டேலிலிருந்து வந்த குணம் அண்ணை இருந்தார். தங்கள் பூங்காவில் கிரிக்கெட் ஆடுகளம் கேட்டு மூன்றாவது முறையாக வந்திருக்கிறாராம். நாங்கள் தமிழில் குசுகுசுப்பதைக் கேட்டு அவராகவே கதை கொடுத்தார்.

“முதல் தரமோ? கோட்டைக் கழட்டிப் போட்டு வசதியா இருங்கோ. மத்தியானத்துக்கு முன்னம் உங்கட ஐற்றம் வராது.”

அப்படியே ஆனது. பன்னிரண்டரைக்குச் சாப்பாட்டுக்கு விட்டார்கள். கொண்டு போயிருந்த ரொட்டியையும் சம்பலையும் கீழே போட்டிருந்த ஒரு வாங்கில் உட்கார்ந்து சாப்பிட்டோம். தாழ்வாரத்தின் ஒரு மூலையில் என் கழுத்துத் துணியை விரித்து லுஹர் தொழுதேன். அக்கா தன் கோட்டை இரண்டு கைகளாலும் அகல விரித்துப் பிடித்தபடி எனக்கு முதுகு காட்டி நின்றார். யாரும் வரவில்லை. வந்திருந்தாலும் அக்காவைத் தாண்டியிருக்க முடியாது.

இரண்டரைக்கு எங்கள் பெயரைக் கூப்பிட்டார்கள். பேச்சாளர்கள் அதிகம் என்பதால் ஐந்து நிமிடத்தை மூன்றாகக் குறைத்துவிட்டார்கள். நான் என் மூன்றையும் வேகமாகப் பேசி முடித்தேன். அடுத்து அக்கா. மொழிபெயர்ப்புக்காகத் தலைவர் கூடுதல் நேரம் தந்தார். முழங்காலைப் பற்றி, தொழிற்சாலையைப் பற்றி, முதல்முறை தண்ணீரில் மிதந்த நாளைப் பற்றி அக்கா சொன்னார். ஒரு கவுன்சிலர் கை உயர்த்திக் கேட்டார்: எல்லோருடைய வரியிலும் நடக்கும் குளத்தை ஒரு பகுதியினருக்கு மட்டும் ஒதுக்குவது எப்படி நியாயம்? மரியாதையாகத்தான் கேட்டார்.

நான் மொழிபெயர்க்கும் முன்பே அக்காவுக்கு விளங்கிவிட்டது.

“அந்த ஒரு மணித்தியாலம் ஆருக்கெண்டு கேக்கிறீங்க. மிச்ச மணித்தியாலமெல்லாம் ஆருக்கெண்டு ஒருக்காக் கேளுங்க. அதுக்குள்ள எங்களால இறங்க ஏலாது. பதினெட்டு வருசம் நானும் வரி கட்டினன். நான் இறங்காத குளத்துக்குத்தான் கட்டினன். அப்ப ஒருத்தரும் நியாயம் கேக்கல்லியே?”

ஒரு சொல்லையும் மென்மையாக்காமல் ஆங்கிலத்தில் சொன்னேன். கேட்டவர் எதையோ குறித்துக்கொண்டார்.

பிறகு அதிகாரிகளிடம் கேள்வி. குளங்களை நடத்தும் பிரிவின் சார்பில் வந்திருந்த பெண் அதிகாரி ஒளிவுமறைவின்றிப் பதில் சொன்னார். அந்த மணித்தியாலத்தை நடத்துவதில் அவர்களுக்கு ஆட்சேபணை இல்லை. ஞாயிறு மாலைக்குப் பெண் உயிர்காப்பாளர்கள் போதவில்லை. ஆட்கள் இல்லாமல் திறந்தால் பாதுகாப்பு இல்லை. அவ்வளவுதான்.

ஒரு கவுன்சிலர் பிரேரணை கொண்டுவந்தார்: இந்த விடயத்தை ‘ரிசீவ்’ பண்ணலாம். ஏற்றுக்கொள்கிறார்கள் என்று நினைத்து அக்காவின் கையை அழுத்தினேன். குணம் அண்ணை குனிந்து என் காதுக்குள் சொன்னார்.

“சந்தோசப்படாதேங்கோ தங்கச்சி. உது குப்பைக்குள்ள போடுறதுக்கு மரியாதையான பேர். வாங்கி வைச்சிட்டம், ஒண்டும் செய்யமாட்டம் எண்டு அர்த்தம். எனக்கு ரெண்டு தரம் உப்பிடித்தான் செய்தவை.”

வாக்கெடுப்பு. மூன்று பேர் ஆதரவு, மூன்று பேர் எதிர்ப்பு. சமமாக வந்தால் பிரேரணை தோற்றுப்போகும் என்பதும் அண்ணை சொல்லித்தான் தெரியும். எதிர்த்துக் கை தூக்கியவர்களில் அக்காவிடம் கேள்வி கேட்டவரும் ஒருவர். உடனே இன்னொரு பிரேரணை: அந்த மணித்தியாலத்தைத் திரும்பக் கொண்டுவர என்ன வழி என்று அதிகாரிகள் ஆராய்ந்து குழுவுக்கு அறிக்கை தர வேண்டும். நாலுக்கு இரண்டு. நிறைவேறியது.

“இப்ப நமக்குக் குளம் கிடைச்சிட்டா?” என்று அக்கா கேட்டார்.

“இல்ல.”

“அப்ப தோத்திட்டமா?”

“அதுவும் இல்ல. அறிக்கை ஒண்டு வரும்.”

“அறிக்கைக்குள்ள நீந்தவா?” என்றார், சற்று உரக்கவே. தலைவர் எங்களை நிமிர்ந்து பார்த்தார். அக்காவும் அவரை நேராகப் பார்த்தார்.

தாழ்வாரத்தில் அந்தப் பெண் அதிகாரி எங்களுக்காகக் காத்து நின்றார். குழு கேட்டதால் இனித் தான் அறிக்கை எழுதியே ஆகவேண்டும் என்றார். உயிர்காப்பாளர் பயிற்சிக்குப் பெண்கள் வந்தால் அறிக்கையில் நல்ல செய்தி எழுதலாம், உங்கள் பக்கத்தில் யாராவது இளம் பெண்கள் இருந்தால் சொல்லுங்கள் என்றார். நன்றி சொல்லிவிட்டு வந்தோம். திரும்பும் ரயிலில் ‘இளம்’ என்ற சொல் என் மண்டைக்குள் சுற்றிக்கொண்டே இருந்தது. பயிற்சியின் நிபந்தனைகளைத் தொலைபேசியில் தேடினேன். குறைந்தபட்ச வயது இருந்தது. அதிகபட்ச வயது எங்கேயும் இல்லை. இரண்டு தடவை தேடிப் பார்த்தேன்.

போக நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள். குழுவின் நிகழ்ச்சிநிரல் இணையத்தில் முன்கூட்டியே வரும். உங்கள் விடயம் எத்தனையாவது என்று பாருங்கள். முழு நாள் லீவு எடுத்துக்கொண்டு போங்கள், அரை நாள் போதாது. ஐந்து நிமிடப் பேச்சை மூன்று நிமிடத்துக்கும் சுருக்கி வைத்திருங்கள். சாப்பாடு கொண்டு போங்கள். ‘ரிசீவ்’ என்ற சொல்லைக் கேட்டால் கைதட்டாதீர்கள். முக்கியமாக, யாரிடம் எதைக் கேட்பது என்று தெரிந்துகொண்டு போங்கள். கவுன்சிலரிடம் வாக்கைக் கேளுங்கள், அதிகாரியிடம் வழியைக் கேளுங்கள். ‘என் கையில் இல்லை’ என்று இருவரும் சொல்வார்கள். பொய்யில்லை. அதற்காக வீட்டுக்குத் திரும்பி வந்துவிடாதீர்கள். யார் கையில் இருக்கிறது என்று அடுத்த கேள்வியைக் கேளுங்கள். அந்தக் கட்டடத்தின் கதவு நமக்கும் சேர்த்துத்தான் திறந்திருக்கிறது. நான்தான் இருபத்திரண்டு வருடம் வெளியே நின்று படம் எடுத்துக்கொண்டிருந்தேன்.

அறிக்கை இன்னும் வரவில்லை. குழு கூடும் நாட்களை நானும் அக்காவும் அவரவர் வீட்டுக் குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டி வைத்திருக்கிறோம். ஜனவரியில் உயிர்காப்பாளர் பயிற்சியின் முதல் படியில் சேர்ந்தேன். வகுப்பு வேறொரு குளத்தில் நடக்கிறது. பெண் பயிற்றுநர், பெண்கள் மட்டும். மோர்னிங்சைட் பக்கம், இரண்டு பஸ். எனக்கு நாற்பத்தாறு, மற்றவர்களுக்குப் பதினாறு, பதினேழு. முழு உடலையும் மூடும் உடையோடு நீந்துகிறேன். குறித்த நேரத்துக்குள் நீந்தும் முதல் சோதனையில் தோற்றுப்போனேன். இரண்டாவதிலும் தோற்றேன், ஆனால் குறைவாக. மூன்றாவது அடுத்த சனிக்கிழமை.

முதல் வகுப்பில் பயிற்றுநர் ஒவ்வொருவரிடமும் ஏன் வந்தீர்கள் என்று கேட்டார். கோடைகால வேலைக்கு என்றாள் ஒருத்தி. அம்மா சேர்த்துவிட்டார் என்றாள் இன்னொருத்தி. என் முறை வந்தது.

“பெண் உயிர்காப்பாளர் போதவில்லை என்று நகரமண்டபத்தில் சொன்னார்கள்,” என்றேன். “அதனால் வந்திருக்கிறேன்.”