மத்தியானக் காட்சி

திருட்டு கேசட் வீட்டுக்குள் வரக் கூடாது என்பது அப்பா போட்ட சட்டம். அரையாண்டு விடுமுறையில் ஒரு புதன்கிழமை மாமா அதை மீறினார். அப்பா ஆபீசுக்குக் கிளம்பிய பிறகு, வெளியாகி ஒரு வாரமே ஆன படத்தையும் ஒரு வாடகை வீடியோ டெக்கையும் தூக்கிக்கொண்டு எங்கள் மயிலாப்பூர் ஃப்ளாட்டுக்கு வந்தார்.

"நேத்து மத்தியானம் தேட்டர்லயே எடுத்தது, அக்கா. இன்னும் சூடு ஆறல."

"அவருக்குத் தெரிஞ்சா இனிமே உன்னை ஆத்துக்குள்ளயே விடமாட்டார்" என்றாள் அம்மா. என்றாலும் அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

படம் சாய்ந்திருந்தது. கதாநாயகியின் பாதி முகத்தை யாருடைய தலையோ மறைத்தது. வசனத்தைவிட முறுக்கு கடிக்கும் சத்தம் தெளிவாகக் கேட்டது. நடுவில் யாரோ மூன்று முறை தும்மி, "அப்பனே கபாலி" என்றார்.

"அம்மா, அது அப்பா தும்மல்ம்மா" என்றேன்.

"அத்திம்பேராவது, தேட்டராவது. போடி" என்று சிரித்தார் மாமா. நான் விடவில்லை. ரீவைண்ட் செய்தார். அதே மூன்று தும்மல், அதே கபாலி. இரண்டாம் முறை ரீவைண்ட் செய்தபோது சிரிக்கவில்லை. "நேத்து லீவு போட்டிருந்தாரோ?"

"சாப்பாடு கட்டிண்டு போனாரே" என்ற அம்மா டி.வி.யை அணைத்தாள்.

அப்பாவைப் பணியிடை நீக்கம் செய்து அன்றைக்குப் பதினெட்டு நாள் ஆகியிருந்தது. கோப்பு ஒன்று காணாமல் போனதற்கு யாராவது பொறுப்பாக வேண்டியிருந்தது. பின்னாளில் நானும் நிர்வாகப் பிரிவில் அமர்ந்து அத்தகைய ஆணைகளை வரைந்துவிட்டு, விருப்ப ஓய்வில் வந்தவள்தான். இடைநீக்கத்தில் இருப்பவர் அனுமதியின்றி ஊரைவிட்டுப் போகக் கூடாது; விதி உண்டு. ஆணையின் நகல் யார் யாருக்குப் போக வேண்டும்; பட்டியல் உண்டு. பெண்டாட்டியிடம் எப்படிச் சொல்வது என்பதற்கு எதுவும் இல்லை. ஆறு வருடம் கழித்து, அலுவலர் இறந்துவிட்டதால் நடவடிக்கை கைவிடப்படுகிறது என்று ஓர் ஆணை வந்தது. அவர் தவறு செய்தாரா, இல்லையா என்று அதில் ஒரு வரியும் இல்லை. முறைப்படி அது சரிதான்.

அன்று ஆறு மணிக்கு அப்பா வழக்கம்போல வந்தார்.

"ஆபீஸ்ல வேலை ஜாஸ்தியோ?" என்றாள் அம்மா.

"ஜாஸ்திதான்."

அம்மா வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். அப்பா செருப்பைக்கூடக் கழற்றாமல் சுவரைப் பார்த்து நின்றார்.

படம் பார்த்த விஷயம் தெரிந்துவிட்டது என்று நினைத்தேன். அவர் அருகில் போய், "இனிமே திருட்டு கேசட் பாக்கவே மாட்டேன்ப்பா, சாமி சத்தியம்" என்றேன். அப்பா திரும்பி, என்னைப் பார்த்துக் கைகூப்பினார். மன்னித்துவிட்டார் என்று எடுத்துக்கொண்டு கீழே விளையாடப் போனேன்.