அவருக்குக் கேட்கிறதா

என் கணவரின் பெயரை நான் முதன்முதலாக வாய்விட்டுச் சொன்னது ஒரு மைக்கின் முன்னால். அதற்குள் எங்கள் மகனுக்கே கல்யாணமாகி விட்டிருந்தது. நெடுங்காட்டுப் பக்கம் பள்ளிக்கூட ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். ஊரார் பிள்ளைகளின் பெயரையெல்லாம் தினமும் காலையில் கூவிக்கூவித் தொண்டை கட்டியவள். ஒரு வருஷம் அவர் பெயருள்ள பையன் ஒருவன் என் வகுப்பில் வந்து சேர்ந்தான். அவனை இனிஷியலைச் சொல்லித்தான் கூப்பிட்டேன். வகுப்பு சிரித்தது, சிரிக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

அவர் கொம்யூன் பஞ்சாயத்து அலுவலகத்தில் எழுத்தராக இருந்தவர். கொஞ்சம் நிலமும் உண்டு, வாய்க்காலில் தண்ணீர் வந்தால் நெல் போடுவார். ஒரு சனிக்கிழமை திருநள்ளாற்றுக் கூட்டத்துக்குள் ஸ்கூட்டரை விட்டு, வேன் ஒன்று இடித்து விழுந்தார். தலையில் அடி. ஆபரேஷன் செய்தார்கள். உயிர் திரும்பி வந்தது, ஆள் வரவில்லை.

கூடத்தில் கட்டில் போட்டுக் கிடத்தினோம். மூக்கில் குழாய் வழியாகக் கஞ்சி. கண் திறக்கும், மூடும், யாரையும் பார்க்காது. பார்க்க வருகிற உறவுக்காரர்கள் அவர் தலைமாட்டிலேயே நின்றுகொண்டு, "இப்புடிக் கெடந்து சீரழியறதுக்குப் போய்ச் சேந்துட்டாக்கூடத் தேவலைங்க" என்பார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். "காப்பி குடிச்சாச்சுல்ல, கெளம்புங்க" என்று முகத்துக்கு நேராகச் சொல்லி அனுப்பியிருக்கிறேன்.

அவருக்கு அடிக்கடி நெஞ்சில் சளி கட்டும். ஒவ்வொரு தடவையும் ஆஸ்பத்திரி, ஊசி, தொண்டைக்குள் குழாயை விட்டு உறிஞ்சுவது. அப்படி ஒரு தடவை வீட்டுக்குக் கொண்டுவந்த பிறகு, சென்னையிலிருந்து வந்திருந்த மகன் என்னை அடுக்களைக்குக் கூட்டிப் போனான்.

"அடுத்த தடவ வேணாம்மா. வீட்டுலயே வச்சிருப்போம். அப்பாவுக்கு ஒண்ணுமே தெரியலன்னா, இந்த இம்சையெல்லாம் யாருக்காக?"

சொல்லும்போதே அழுதான். அவன்மேல் கோபப்பட முடியவில்லை. ஆனால் தெரியலன்னா என்ற சொல் என்னைத் தூங்கவிடவில்லை. தெரிகிறது என்றால்? உள்ளே ஆள் இருக்கிறார் என்றால், அவரை நான் எப்படிச் சும்மா விடுவேன்?

ஆஸ்பத்திரி டாக்டர்தான் அந்த ஆராய்ச்சிக்காரப் பெண்ணைப் பற்றிச் சொன்னார். நினைவு தப்பிக் கிடப்பவர்களின் மூளை, காதில் விழும் சத்தத்தை வைத்துக்கொண்டு என்ன செய்கிறது என்று படிக்கிறவள். வீட்டுக்கே வந்தாள். "இது வைத்தியம் இல்ல டீச்சர், இதனால சாருக்குச் சரியாகாது. கேக்குதான்னு பாக்கலாம், அவ்வளவுதான்" என்றாள். எனக்கு வேண்டியதும் அவ்வளவுதான்.

மூளையில் எந்நேரமும் மிகச் சின்ன மின்சாரம் ஓடிக்கொண்டிருக்கிறதாம். தலையில் ஒட்டுகிற வில்லைகள் அதைப் பிடித்துக் கம்ப்யூட்டரில் அலையாகக் காட்டும். காதில் பல பெயர்களை ஒலிக்கவிட்டு நடுநடுவே அவர் பெயரையும் விடுவார்கள். அவர் பெயருக்கு மட்டும் அலை மேடேறினால் மூளை அதை அடையாளம் கண்டுகொள்கிறது என்று அர்த்தம். வீட்டு மனுஷர் குரல் என்றால் நல்லது என்றாள்.

தலையில் எண்ணெய் இருக்கக் கூடாது என்று முன்னாலேயே சொல்லியிருந்தாள். அவள் வந்தது ஒரு சனிக்கிழமை. சனிக்கிழமை அவர் தலைக்கு நல்லெண்ணெய் வைக்காமல் நான் இருந்ததே இல்லை. என் கை தன் பாட்டுக்கு வைத்துவிட்டது. அவள் தொட்டுப் பார்த்துவிட்டு என் முகத்தைப் பார்த்தாள். படுத்த படுக்கையிலேயே அவருக்கு ஷாம்பு போட்டு அலசித் துவட்டுவதற்குள் எங்கள் இரண்டு பேருக்கும் இடுப்பு போய்விட்டது.

பிறகு மைக்கை நீட்டி அவர் பெயரைச் சொல்லச் சொன்னாள். வாய் வரவில்லை. தொண்டையைச் செருமினேன், தண்ணீர் குடித்தேன். கடைசியில் சொன்னபோது வகுப்பில் ஆஜர் கூப்பிடுகிற குரலில்தான் வந்தது. கூச்சத்தில் முகமெல்லாம் வியர்த்துவிட்டது. அதையே பதிவு செய்தாள்.

அலை மேடேறவில்லை. யார் பெயரோ போலத்தான் அவர் பெயரும் அவருக்கு இருந்தது. "இதை வச்சு எதுவும் முடிவா சொல்ல முடியாது டீச்சர்" என்று அவள் இதமாகத்தான் சொன்னாள். நான் மகனுக்குப் போன் செய்து, "நீ சொன்னதுதான் சரி போலருக்கு" என்றேன்.

இரண்டொரு நாள் கழித்து அவருக்கு உடம்பு துடைத்துக்கொண்டிருந்தேன். "ஏங்க, இப்புடித் திரும்புங்க" என்று சொல்லிக்கொண்டே புரட்டினேன். சொன்ன பிறகுதான் எனக்கு உறைத்தது. எனக்கு அவர் 'ஏங்க'தான். வாசலிலிருந்து, கொல்லையிலிருந்து, வயல் வரப்பிலிருந்து அவரை நான் கூப்பிட்டதெல்லாம் அதுதான். நான் அவர் பெயரைச் சொன்னால் தன்னைத்தான் கூப்பிடுகிறேன் என்று அவருக்கு எப்படித் தெரியும்? ஈரக் கையோடு போனை எடுத்தேன்.

நான் சொன்னதைக் கேட்டுவிட்டு அந்த ஆராய்ச்சிக்காரப் பெண் சொன்னாள்: "எல்லா வீட்டுலயும் ஏங்கதானே டீச்சர்? அந்தச் சொல்லு தெரிஞ்ச சொல்லுங்கறதால அலை வரலாம். வேற பொம்பளைங்களும் அதையே சொல்லணும். உங்க குரலுக்கு மட்டும் வருதான்னு பாக்கணும்."

அதற்கு ஆள் பிடிக்க நான் பட்ட பாடு! பக்கத்து வீட்டுக்காரி, "அய்யய்யோ, அடுத்த வூட்டு ஆம்பளைய நான் எப்புடி அப்புடிக் கூப்புடுவேன்? எங்க வூட்டுக்காரு என்னைய வெட்டிப் போட்ருவாரு" என்று ஓடப் பார்த்தாள். இழுத்து உட்கார வைத்தேன். குழாய் மாற்ற வருகிற நர்ஸ் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். கல்யாணமாகாத ஆராய்ச்சிக்காரப் பெண்ணும் ஒரு தடவை சொல்லிவிட்டுச் சிவந்துபோனாள். அவர் விழுந்த நாளுக்குப் பிறகு அந்தக் கூடத்தில் சிரிப்புச் சத்தம் கேட்டது அன்றைக்குத்தான். கட்டிலில் கிடந்தவர் முகத்தில் ஓர் அசைவும் இல்லை.

இந்தத் தடவை தலை சுத்தமாக இருந்தது. நாலு பெண்களின் ஏங்க மாறி மாறி, திரும்பத் திரும்ப அவர் காதில் ஒலித்தது. பதிவையெல்லாம் கூட்டிக் கழித்துப் பார்க்க அவளுக்குச் சில நாள் பிடித்தது. பிறகு கம்ப்யூட்டரோடு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தாள். மற்றவர்கள் குரலுக்குக் கோடு தட்டையாகப் போனது. என் குரலுக்கு மேடேறியது. சின்ன மேடுதான், வயல் வரப்பு அளவுக்கு.

"உங்க குரலைத் தனியாப் பிரிச்சு எடுக்குறாரு. இவ்வளவுதான் சொல்ல முடியும். புரிஞ்சுக்கறாரா, எந்திரிப்பாரா, அதெல்லாம் இதுல தெரியாது" என்றாள். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். சந்தோஷம் என்றுதான் முதலில் நினைத்தேன். அவள் போன பிறகுதான் வேறொன்று வந்து நெஞ்சில் உட்கார்ந்தது. அப்படியென்றால் தலைமாட்டில் நின்று உறவுக்காரர்கள் பேசியதெல்லாம்? வலிக்கிறது என்று சொல்ல முடியாமல் உள்ளே ஒருவர் இத்தனை நாளும் கிடந்தாரா? கேட்கவில்லை என்பதைவிட இது தாங்க முடியாததாக இருந்தது.

ஐப்பசி மழையில் மறுபடியும் சளி கட்டியது. அலை மேடேறியதைச் சொல்லியும், வேண்டாம் என்று மகன் போனில் கெஞ்சினான். நான் கேட்கவில்லை, ஆம்புலன்ஸை வரச் சொன்னேன். என் குரலைத் தெரிந்த மனுஷரை எப்படி வீட்டில் வைத்து மூச்சுத் திணறவிடுவது? ஆஸ்பத்திரியில் ஊசி ஏற இடமில்லாமல் கையெல்லாம் கன்றிப்போனது. தொண்டைக்குள் குழாய் போகும்போது அவர் உடம்பு தூக்கிப் போடும். நான் காதோரம் குனிந்து, "ஏங்க, நான் இங்கதான் இருக்கேன்" என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். அது அவருக்கு ஆறுதலா, போகவிடாமல் பிடித்து வைப்பதா என்று எனக்கு இன்றைக்கும் தெரியவில்லை.

ஆஸ்பத்திரியிலேயே ஒரு மத்தியானம் மூச்சு விட்டுவிட்டு வர ஆரம்பித்தது. மகன் வந்து சேர்ந்திருந்தான். வேண்டாம் வேண்டாம் என்றவன்தான், என் தோளைப் பிடித்து உலுக்கினான்.

"அம்மா, கூப்பிடும்மா. நீ கூப்பிட்டா அப்பாவுக்குக் கேக்கும். ஒரு தடவ கூப்பிடும்மா."

கேட்கும், எனக்கும் தெரியும். கூப்பிட்டால் போட்டது போட்டபடி வந்து நிற்கிற மனுஷர் அவர். நான் வாயைப் புடவைத் தலைப்பால் பொத்திக்கொண்டேன்.